மாயர் நாடும் இரண்டு வாழைப்பழமும்

ஆகஸ்டு 22, திங்கள்

காலையிலிருந்து காற்று. காவிரியில் இரு கரையும் தொட்டுத் தண்ணீர். பஸ் பாலத்தில் போகும்போது ரிப்பன் அவிழ்ந்து பறக்கப் பார்த்தது. பிடித்துவிட்டேன்.

புது நோட்டு. ஆகவே முறைப்படி: நான் ரங்கநாயகி, பத்தாம் வகுப்பு, வீடு ஸ்ரீரங்கம். அப்பாவுக்கு ரயில்வே ஆபீஸ். பெஞ்சில் என் பக்கத்தில் மைமூன் (இனி மை.). ஆறாம் வகுப்பிலிருந்து அவள்தான், இது ஐந்தாவது வருஷம். வீடு தென்னூர். அவள் அத்தாவுக்கு (அப்பாவை அப்படித்தான் கூப்பிடுவாள்) மளிகைக் கடை. சத்தமாகச் சிரிப்பாள். என் அம்மாவுக்கு அவள் பெயர் மட்டும் தெரியும்.

அல்ஜீப்ரா 41. மை. 38. எனக்குத்தான் கஷ்டமாயிருந்தது. "மூணு மார்க்குக்கு ஒரு மூஞ்சியாடி" என்றாள்.

எஸ்தர் டீச்சர் (பூகோளம்) இன்று அறிவித்தார்கள். செப். 10, சனிக்கிழமை ஸ்கூல் கண்காட்சி. இரண்டிரண்டு பேராக ஒரு தேசம். படத்தை ஒட்டிவிட்டுப் பக்கத்தில் பொம்மை போல் நிற்கக் கூடாதாம். வருகிறவர்களை அந்தத் தேசத்துக்கு ஒரு நாள் பயணம் கூட்டிப் போவது போல் நடத்திக் காட்ட வேண்டும். இருபது நிமிஷத்துக்குள் காலை, மத்தியானம், சாயங்காலம். இடம் பார்க்க வேண்டும், அந்த ஊர்ச் சாப்பாடு கொஞ்சமாவது வாயில் பட வேண்டும்.

எல்லோரும் ஜப்பான், இங்கிலாந்து என்றார்கள். மை. என் கையைப் பிடித்து மேலே தூக்கிவிட்டாள். "மாயர் நாடு, டீச்சர்."

"அது எங்க இருக்கு?"

"மெக்ஸிகோவுக்கு அந்தாண்ட, டீச்சர். மிச்சத்த ரங்கா சொல்லுவா."

லைப்ரரியில் அட்டை கிழிந்த பெரிய புத்தகம் ஒன்று உண்டு. போன வருஷம் மழைநாளில் இரண்டு பேரும் சேர்ந்து படித்தது. இடிந்த கோயில் படங்கள். படிக்கட்டில் மரம் முளைத்திருக்கும். அன்றைக்கே மை. சொன்னாள், பெரியவளானதும் இங்கே ஒருநாள் போகணும், நீ வழி பார், நான் பேசறேன் என்று. ஆகவே: நான் எழுதுவது, அவள் வழிகாட்டி.

ஆகஸ்டு 24, புதன்

வெயில். பேனா கசிந்து விரலெல்லாம் நீலம்.

புத்தகத்திலிருந்து:
— கற்கோயில்கள். படிப்படியாக உயர்ந்து உச்சியில் ஒரு சின்ன அறை. காடு மூடிக் கிடந்தவை.
— நாள் கணக்கில் மகா கெட்டிக்காரர்கள். ஒரு நாளைக்கூட விடாமல் எண்ணிக் கல்லில் வெட்டி வைத்தார்கள். பூஜ்யத்துக்குச் சிப்பி போல ஒரு குறி.
— சாப்பாடு மக்காச்சோளம். அடை போலத் தட்டிச் சுடுவது. முதல் மனிதனையே சோளமாவில் பிடித்தார்கள் என்று கதை.
— சாக்லேட் மிட்டாய் இல்லை, குடிக்கிற பொருள். கொட்டையை வறுத்து அரைத்துத் தண்ணீரில் கரைத்து, மிளகாய்ப்பொடி போட்டு. ஒரு பாத்திரத்திலிருந்து இன்னொன்றுக்கு உயரத் தூக்கி ஊற்றி நுரை எழுப்புவார்கள். நுரைதான் அதில் விசேஷம்.

கடைசியைப் படித்ததும் மை. "காபி ஆத்துறது. அப்ப உங்கம்மாவும் மாயர்தாண்டி."

மிளகாய் நம் தேசத்துப் பொருளே இல்லையாம், அந்தப் பக்கத்திலிருந்து கப்பலில் வந்ததாம். அம்மாவிடம் சொன்னேன். அம்மா குழம்பைக் கிளறிக்கொண்டே, "அதான் பெருமாள் மடைப்பள்ளியில மிளகாயே சேர்க்கறதில்லை, மிளகுதான். அவருக்குத் தெரியாதாடி எது எங்கேர்ந்து வந்ததுன்னு" என்றாள்.

இதை மை.யிடம் சொன்னதும் அவளுக்கு மடைப்பள்ளி என்ற வார்த்தை ஒட்டிக்கொண்டது. டெஸ்க் மேல் ஏறி நின்று: "பயணிகளே, இதோ மாயர்களின் மடைப்பள்ளி. செருப்பைக் கழற்றிவிட்டு வரவும். மிளகாய் நெடி அடிக்கும், தும்முகிறவர்கள் வலது பக்கம் நிற்கவும்." எஸ்தர் டீச்சரே சிரித்துவிட்டார்கள்.

கோக்கோ கிடைத்துவிட்டது. மை.யின் மாமா பெனாங்கிலிருந்து கொண்டுவந்த டின், பாதி இருக்கிறதாம். சனிக்கிழமை அவள் வீட்டில் கலந்து பார்க்க வேண்டும்.

அவள் வீட்டுக்கு நான் போனதே இல்லை.

ஆகஸ்டு 27, சனி

போய்விட்டு வந்தேன். நாளைக்கு எழுதுகிறேன்.

ஆகஸ்டு 28, ஞாயிறு

அம்மாவிடம் எஸ்தர் டீச்சர் வீடு என்று சொல்லிவிட்டுப் போனேன். அது முதல் பொய்.

மை.யின் அம்மா வாசலிலேயே நின்றிருந்தார்கள். "வாம்மா. அஞ்சு வருஷமா உன் பேரத்தான் கேட்டுக்கிட்டு இருக்கேன். இவ தூக்கத்துல கூட ரங்காங்குறா." குளிர்ச்சியான கை. என் கன்னத்தைத் தொட்டுவிட்டுச் சட்டென்று எடுத்துக்கொண்டார்கள், தொடலாமா கூடாதா என்று யோசித்தவர்கள் மாதிரி.

கோக்கோ நன்றாக வந்தது. நான் இரண்டு செம்பில் ஆற்றினேன். கை எட்டும் உயரத்திலிருந்து. மை. "இன்னும் மேல, இன்னும் மேல" என்றாள். நுரை நின்றது. ஒரு சிட்டிகை மிளகாய்ப்பொடி. மை.யின் தங்கை நூரு (ஆறு வயது) நாக்கை நீட்டிக்கொண்டு முற்றத்தைச் சுற்றி ஓடினாள்.

கண்ணாடி அலமாரியிலிருந்து பீங்கான் கோப்பை எடுத்து எனக்குக் கொடுத்தார்கள். நீலப்பூ போட்டது, காது வைத்தது. மற்றவர்களுக்கு டம்ளர்.

நான் நினைத்துச் செய்யவில்லை. வீட்டில் எல்லோரும் தூக்கித்தான் குடிப்போம், உதட்டில் படாமல். கை தானாகத் தூக்கியது. டம்ளருக்கு வெளியே மடிந்த விளிம்பு உண்டு, கோப்பைக்குக் கிடையாது. மோவாயில் வழிந்து தாவணியெல்லாம்.

நூரு: "அந்த அக்கா ஏன் வாய் வைக்கல? கோப்பை கழுவித்தானே இருக்கு?"

மை. உடனே: "அவங்க வீட்டுல அப்பாவுக்கும் அப்படித்தான், பாட்டனுக்கும் அப்படித்தான். நீ வாய மூடு." எனக்காகச் சொன்னாள். என்னைப் பார்த்துச் சிரிக்கவும் சிரித்தாள்.

அதோடு முடிந்திருக்கலாம்.

அப்புறம் அவள் அம்மா தட்டோடு வந்தார்கள். இடியாப்பம், தேங்காய்ப்பால், மேலே சர்க்கரை. "சட்டி புதுசும்மா. கவிச்சியே படாதது. நேத்துதான் வாங்கிப் பழக்கினேன். பசியாறிட்டுத்தான் போகணும்."

அந்தத் தட்டைப் பார்த்தேன். வாயில் தண்ணீர் ஊறியது, அதுதான் நிஜம். அதே சமயம் அம்மா முகம் வந்தது. கோக்கோ நான் கலந்தது, சமாளிக்கலாம். இது சமைத்தது. வேண்டாம் என்று எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. மரியாதையாகச் சொல்ல வேண்டும், அவர்கள் மனம் நோகக் கூடாது. இதெல்லாம் ஒரு நொடியில்.

"இன்னிக்கு ஏகாதசி. நான் சாப்பிட மாட்டேன்."

மை.யின் அம்மா பதறிப் போனார்கள். "விரதமா? தெரியாமப் போச்சேம்மா. கோக்கோ குடிச்சது தப்பில்லையே? ஏண்டி மைமூனு, நீ சொல்லக் கூடாதா?"

மை. என்னைப் பார்க்கவில்லை. என் தலைக்கு மேலே சுவரைப் பார்த்தாள். பிறகு தட்டை வாங்கி உள்ளே கொண்டுபோனாள்.

புறப்படும்போது அவள் அம்மா மல்லிகைச் சரம் கொடுத்தார்கள். "பசியோட அனுப்புறமே" என்று இரண்டு தடவை.

ஆகஸ்டு 30, செவ்வாய்

தாவணிக் கறை போகவில்லை. "என்னடி இது?" "காபிம்மா." அம்மா முகர்ந்து பார்த்தாள். வண்ணாத்தி வந்ததும் போட்டுவிட்டாள்.

சோப்புப் பெட்டி அட்டை 31 சேர்ந்தது. கோயிலுக்கு ஒன்பது படி. களிமண் பூசி, காய்ந்ததும் வெடித்தது. மை. சொன்னாள், "வெடிக்கட்டும். இடிஞ்ச கோயில்தானே." என்னைப் பார்த்துச் சொல்லவில்லை, அட்டையைப் பார்த்து.

தலைவலியாம் அவளுக்கு. வேறொன்றும் இருக்காது.

செப்டம்பர் 2, வெள்ளி

ஏகாதசி.

எழுத வேண்டாம் என்று இருந்தேன். எழுதுகிறேன்.

ஆறாம் வகுப்பில் நானாக ஏகாதசி விரதம் ஆரம்பித்தேன். அம்மா வேண்டாம் என்றாள், நான் கேட்கவில்லை. முதல் தடவை மத்தியானம் எல்லோரும் சாப்பிடும்போது சும்மா உட்கார்ந்திருந்தேன். புதிதாகச் சேர்ந்த ஒரு பெண் பக்கத்தில் வந்து கேட்டாள், ஏன் சாப்பிடவில்லை, என்ன சாப்பிடலாம், பழம் சாப்பிடலாமா. அதற்கடுத்த ஏகாதசிக்கு இரண்டு வாழைப்பழம் கொண்டுவந்து வைத்தாள். "தோல் இருக்குல்ல. நான் தொட்டா உள்ள போகாது." பத்து வயதில் சொன்னாள், சிரித்துக்கொண்டே. நானும் சிரித்தேன். அன்றிலிருந்து ஒரு ஏகாதசி தவறவில்லை. எனக்கே மறந்த நாளில் கூடப் பழம் வந்திருக்கிறது. எப்படித் தெரியும் என்று நான் ஒரு நாளும் கேட்டதில்லை.

இன்று மத்தியான மணி அடித்ததும் பையிலிருந்து எடுத்து டெஸ்க் மேல் வைத்தாள். இரண்டு பழம், வழக்கம் போல.

"இன்னிக்குத்தான் ஏகாதசி, ரங்கா."

பழத்துக்கு நீட்டிய கையை எடுத்துக்கொண்டேன்.

"அன்னிக்கு உன் தலைக்குப் பின்னாடி எங்க கடைக் காலண்டர் தொங்கிக்கிட்டு இருந்துச்சு. அதப் பாத்துத்தான் அஞ்சு வருஷமா பழம் எடுத்துட்டு வரேன். அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. அதனால நம்பிட்டாங்க. ராத்திரி வரைக்கும் புலம்புனாங்க, விரதக்காரப் பொண்ணுகிட்ட தட்ட நீட்டிட்டேனேன்னு."

"மைமூன், நான் வந்து..."

"எங்க வீட்ல சாப்பிட மாட்டேன்னு சொல்லியிருந்தா எனக்கு ஒண்ணும் இல்ல. எனக்குத் தெரியாததாடி அது? ஏகாதசிய ஏன் எடுத்த? அது நான் உனக்காக எண்ணிக்கிட்டு இருந்த நாள்."

சாப்பிடப் போய்விட்டாள், பம்புக்குப் பக்கத்தில், தனியாக.

ஒரு பழம் தின்றேன். தின்னாமலும் இருக்க முடியவில்லை, தின்னவும் முடியவில்லை. இன்னொன்று பையில்.

சாயங்காலம் அம்மா எப்போதும் கேட்கிற மாதிரி: "பழம் சாப்டியோ?"

"சாப்ட்டேன்."

செப்டம்பர் 4, ஞாயிறு

பையிலிருந்த பழம் கறுத்துவிட்டது. அம்மா மாட்டுக்குப் போட்டாள்.

ஏன் சொன்னேன் என்று யோசித்து எழுதினேன்:
1. அம்மாவுக்குத் தெரிந்தால் ஸ்கூலை விட்டு நிறுத்திவிடுவாள் என்ற பயம்.
2. அவர்கள் மனம் நோகக் கூடாது.
3. பழக்கம்.
4. (அடித்துவிட்டேன்.)
4. ஏகாதசி என்றால் மை. மேற்கொண்டு கேட்கமாட்டாள் என்று தெரியும். அதனால்தான் அது வாயில் வந்தது.

நாலாவது நிஜம். மற்றவை சும்மா.

செப்டம்பர் 5, திங்கள்

மை. மூன்றாம் பெஞ்சுக்குப் போய்விட்டாள். டீச்சரிடம், போர்டு பக்கத்தில் இருந்தால் கண் கூசுகிறது என்றாளாம். அவள் கண்ணுக்கு ஒன்றுமில்லை. மலைக்கோட்டை உச்சியில் கொடி பறப்பதை ஸ்கூல் மாடியிலிருந்து சொல்லுகிறவள்.

என் பக்கத்தில் இப்போது யாரும் இல்லை. பேனா மை சிந்திய பழைய கறை மட்டும், இந்தியா படம் போல இருக்கும் என்று அவள் சொல்லுவாளே, அது.

செப்டம்பர் 7, புதன்

மழை, சாயங்காலம் மட்டும்.

ஒத்திகை. வழிகாட்டிப் பேச்சு ஒரு எழுத்துப் பிசகவில்லை. ஆனால் மடைப்பள்ளி இல்லை, தும்முகிறவர்கள் இல்லை. நான் எழுதிக் கொடுத்தது மட்டும். எஸ்தர் டீச்சர், "அந்த வேடிக்கையெல்லாம் எங்கம்மா போச்சு?" என்றார்கள். மை.: "பெரியவங்க வராங்க, டீச்சர். தப்பா எடுத்துக்குவாங்க."

என்னைக் கூப்பிட்டது: "ரங்கநாயகி, அந்தச் செம்ப நகத்தி வை."

மன்னிப்புக் கடிதம் மூன்று எழுதினேன். முதலாவது நீளம். இரண்டாவதில் சமஸ்கிருதம் அதிகம். மூன்றாவது "மை.," என்பதோடு நின்றுவிட்டது.

செப்டம்பர் 10, சனி

பூகோள அறை. கரும்பலகையில் சமுத்திரம், பெஞ்சு கப்பல். ஜன்னலுக்கு வேப்பங்கிளை கட்டிக் காடு. அதை விலக்கினால் கோயில், வெடிப்பெல்லாம் நிஜம் போலவே. அந்தப் பக்கம் நாள் கணக்குச் சக்கரம், அட்டையில். கடைசியில் அடுப்பு. சோள அடை, விரல்கடை அளவு துண்டு. பக்கத்தில் கோக்கோ, நான்.

பத்துப் பத்துப் பேராக உள்ளே விட்டார்கள். மை. பச்சைத் தாவணி, கையில் மூங்கில் குச்சி. "வாங்க, படி உயரம், பாத்து ஏறுங்க." ஒன்றுமில்லாத தரையில் பத்துப் பேரும் காலைத் தூக்கி வைத்தார்கள். அவள் குரல் அப்படி. சக்கரத்துக்கு வந்ததும், "இவங்க ஒரு நாளக்கூட மறக்காதவங்க. ஒரு நாளுக்குப் பதிலா இன்னொரு நாளச் சொல்லி இவங்கள ஏமாத்த முடியாது" என்றாள். நான் எழுதிக் கொடுத்ததில் இது இல்லை. ஒவ்வொரு தடவையும் சொன்னாள். ஒவ்வொரு தடவையும் நான் ஆற்றிக்கொண்டிருந்தேன்.

நாலாவது கூட்டத்தில் அம்மா.

மை.க்கு அம்மாவைத் தெரியாது. ஆனால் என் முகத்தைப் பார்த்ததும் தெரிந்துகொண்டாள். கூட்டத்தை என் முன்னால் நிறுத்தி, நுரை எப்படி எழும்புகிறது என்று விளக்கினாள். புது மண் குவளைகளை அவளே குயவரிடம் சொல்லி வாங்கி வந்திருந்தாள். எனக்குத் தெரியவே தெரியாது.

அம்மா குவளையை வாங்கத் தயங்கினாள்.

"பயப்படாதீங்க மாமி. புதுக் குவளை, யார் வாயும் படாதது. ரங்காதான் கலந்தா. நான் தொடல."

மரியாதையாகத்தான் சொன்னாள். குத்தலே இல்லாத குரல்.

அம்மா தூக்கிக் குடித்தாள். ஒரு சொட்டுக்கூடச் சிந்தவில்லை. "காரமா இருக்கே! ஆனா நன்னா இருக்கு." பிறகு மை.யைப் பார்த்து, "கார்த்தாலேர்ந்து நின்னுண்டே பேசறியே. தொண்டை காஞ்சிருக்கும். நீயும் ஒரு குவளை குடியேம்மா. ரங்கா, குடு அவளுக்கு."

நான் ஊற்றினேன். நீட்டினேன். நுரை நிறைய வருகிற மாதிரி, எல்லோருக்கும் கொடுத்ததைவிட அதிகம்.

மை. அதைப் பார்த்தாள்.

"எனக்கு இன்னிக்கு விரதம் மாமி."

பின்னால் நின்ற நூரு: "பொய். காலைல இட்லி தின்னியே, மூணு."

"சும்மா இரு, நூரு."

அம்மா சிரித்தாள். "கொழந்தைக்கு என்ன தெரியும். இருக்கட்டும்மா, விரதத்தைக் கெடுக்கப்படாது."

மை. குச்சியை எடுத்துக்கொண்டு, "பயணம் இத்தோட முடிஞ்சுது. வாசல் இந்தப் பக்கம்" என்றாள்.

குவளை என் கையிலேயே இருந்தது. நுரை அடங்குகிற வரை.

முதல் பரிசு எங்களுக்கு. ஒரு புத்தகம், இரண்டு பேருக்கும் சேர்த்து. மை.: "நீயே வச்சிக்க. எழுதினது நீதானே."

பஸ்ஸில் அம்மா பாலம் தாண்டுகிற வரை அவளைப் பற்றியே. "என்ன கட்டுப்பாடு பாரு அந்தப் பொண்ணுக்கு. அவாளுக்கும் இப்படி விரதம் உண்டா? பச்சைத் தண்ணி குடிக்கலை. நீ கத்துக்கணும்." நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். ஆறு மண் நிறத்தில், வேகமாக.

செப்டம்பர் 13, செவ்வாய்

இங்கிலீஷ் பரீட்சை. காம்பஸ் பெட்டி தொலைந்தது, கிடைத்தது. பரிசுப் புத்தகத்தின் முதல் பக்கத்தில் எஸ்தர் டீச்சர் இரண்டு பெயரும் சேர்த்து எழுதியிருக்கிறார்கள். என் பெயரைப் பக்கத்தில் பார்க்க அவளுக்கு எப்படி இருக்கும் என்று தெரியவில்லை. அவள் பார்க்கவே இல்லை.

அட்டைக் கோயிலைத் தோட்டத்துக்குப் பின்னால் போட்டுவிட்டார்கள். மழையில் ஐந்து படி போயிற்று. நாலு இருக்கிறது.

செப்டம்பர் 16, வெள்ளி

ஏகாதசி. மேகம். மழை இல்லை.

எதிர்பார்க்கவில்லை என்று எழுத வந்தேன். காலையிலிருந்து அவள் பையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மத்தியான மணி. என் டெஸ்க்கில் ஒன்றும் இல்லை.

எழுந்து மூன்றாம் பெஞ்சுக்குப் போனேன். அவள் தூக்கு திறந்திருந்தது. இடியாப்பம், ஓரத்தில் சர்க்கரை. பக்கத்துப் பெண்கள் பேச்சை நிறுத்தினார்கள்.

"எனக்கு ஒண்ணு குடு."

மை. நிமிர்ந்து பார்த்தாள். பதினைந்து நாளில் முதல் தடவையாக என் முகத்தை முழுசாக. கண்ணில் தண்ணீர் மாதிரி ஏதோ. எனக்குத்தான் அப்படித் தெரிந்ததோ என்னவோ.

"இன்னிக்கு ஏகாதசி."

"தெரியும்."

"தெரிஞ்சுமா?"

"பரவாயில்ல. குடு, மைமூன். எல்லார் எதிர்லயும் சாப்பிடறேன். வாய் வச்சு."

தூக்கு மூடியை எடுத்து மூடினாள். அவசரமில்லாமல், ஓரம் சரியாக உட்கார்கிறதா என்று பார்த்து.

"இன்னிக்கு நிஜமாவே ஏகாதசி. நீ சாப்பிடக் கூடாது. நான் குடுக்க மாட்டேன்."

"அப்ப நாளைக்கு?"

"நாளைக்குச் சனிக்கிழமை. ஸ்கூல் இல்ல."

தூக்கை எடுத்துக்கொண்டு பம்புப் பக்கம் போனாள். அவளும் சாப்பிடவில்லை என்று பிறகு பார்த்தேன். கை கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

மத்தியானம் பூகோளம். மழைக்காற்றுகள். குறிப்பு எழுதவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அம்மா அடுப்படியிலிருந்தே: "பழம் சாப்டியோ?"

சாப்பிட்டேன் என்றேன்.